இரண்டாவது வால்வு

பாலுசாமி மறுபடியும் தண்ணீரை அடைத்துவிட்டார். காரணத்தையும் ஒளிக்கவில்லை. தம்பி பெண்டாட்டி புவனா பம்பு கம்பெனியில் மோட்டாருக்குச் செம்புக் கம்பியில் காயில் சுற்றும் வேலைக்குப் போகிறாள். அது குடும்பத்துக்குக் கேவலமாம். "வேலைய உட்டுப்போடு அம்மணி, தண்ணி தானா வரும்" என்றார், வரம் கொடுக்கிற சாமி மாதிரி.

பீளமேட்டு வீட்டை அண்ணனும் தம்பியும் நடுவில் சுவர் வைத்துப் பிரித்துக்கொண்டார்கள். குழாயைப் பிரிக்கத்தான் ஒருவருக்கும் தோன்றவில்லை. தெருவிலிருந்து வரும் பைப் புவனாவின் பின்பக்கச் சுவரோடு ஓடி, பாலுசாமியின் குளியலறைக்குள் நுழைந்து, அங்கிருக்கும் வால்வைத் தாண்டித்தான் அவள் சமையலறைக்கு வரும். அவரோ கையை வைத்துக்கொண்டு சும்மா இருக்கிற மனுஷர் இல்லை. லாரி ஓட்டும் அவள் புருஷன் மோகன்குமார் வீட்டுக்கு வரும்போதெல்லாம், "அண்ணன் சொன்னாக் கேளேன்" என்பதோடு சரி. பட்டறை வைத்திருக்கும் பாலுசாமியைப் பகைத்துக்கொள்ள எந்தப் பிளம்பரும் தயாராக இல்லை.

துபாயில் பிளம்பர் வேலை பார்த்து லீவில் வந்திருந்த அப்துல் மஜீதிடம் போய் நின்றாள் புவனா.

"நான் கை வெச்சா உங்க மாமா பட்டறைல என்ற மச்சானுக்கு வேலை போயிருமுங்க. நீங்களே போட்டுக்குங்க" என்று பைப்பைக் கிளை பிரிக்கிற, மூன்று வாய் உள்ள 'டீ' இணைப்பு ஒன்றையும் இரண்டு வால்வையும் கொடுத்தார். "மரை வெட்ட வேண்டாம், சணல் சுத்த வேண்டாம், பசை ஒட்ட வேண்டாம். உங்க பைப்புக்கு அளவு சரியா இருக்கும். நேரா அறுத்து அழுத்தித் தள்ளுனா உள்ளார ரப்பர் வளையம் கவ்விக்கும். தப்பாப் போச்சுன்னா இந்த விளிம்ப அமுக்கிட்டு இழுங்க, வந்துரும்."

"ஒரு வால்வு போதாதுங்களா?"

"ரெண்டும் போடுங்க" என்று சிரித்தார்.

மறுநாள் அவளுக்கு மதிய ஷிப்ட். காலையில் கேட்டருகே மீட்டர் குழாயை மூடிவிட்டு, பின்பக்கச் சுவரில் பைப்பை அறுத்தாள். கிரைண்டரோ சைக்கிளோ, புதிதாக எது வந்தாலும் சந்தனம் குங்குமம் வைப்பது அவள் வழக்கம். பைப்பின் முனைகளுக்கும் வைத்தாள். சாமியைக் கும்பிட்டுவிட்டு அவற்றை டீக்குள் தள்ளி, வால்வுகளையும் மாட்டி, மீட்டரைத் திறந்தாள். டீயின் இரண்டு பக்கமும் தண்ணீர் பீய்ச்சியது.

சத்தம் கேட்டு பாலுசாமி துண்டோடு வந்தார். "பைப்பு வேலையும் பாத்தாச்சாக்கும்? இப்ப ரெண்டூட்டுக்கும் தண்ணியில்ல. ஆளக் கூட்டியாந்து பழயபடி சேத்துப்போடறேன். நீ நாளையிலிருந்து ஊட்டுல இரு."

இன்று தோற்றால் வேலை போச்சு என்று புவனாவுக்குத் தெரியும்.

"ஆரையும் கூப்புடாதீங்க மாமா. அரை மணி நேரம் பொறுங்க."

மீட்டரை மூடி, விளிம்பை அமுக்கிப் பைப்பை உருவினாள். ரப்பர் வளையங்களில் சந்தனம் திப்பி திப்பியாக ஒட்டியிருந்தது. காயிலில் ஒரு தூசி ஒட்டினாலும் மோட்டார் புகைந்துவிடும் என்று கம்பெனியில் தினமும் திட்டு வாங்குகிறவள் அவள். வீட்டுக்கு வந்ததும் அது மறந்துபோனதே என்று தன்னையே திட்டிக்கொண்டாள். வளையங்களையும் முனைகளையும் கழுவித் துடைத்தாள். முழு பலத்தோடு தள்ளி, இழுத்துப் பார்த்தாள். அசையவில்லை.

மீட்டரைத் திறந்தாள். டீ காய்ந்தே இருந்தது. அவள் பக்கத்து வால்வைத் திருகியதும் வாளியில் தண்ணீர் தடதடவென்று விழுந்தது.

பாலுசாமி தன் வீட்டுக்குள் போனார். போன வேகத்தில் திரும்பி வந்தார். "எங்கூட்டுல வல்லியே?"

புவனா, அவர் வீட்டுக்குப் போகும் பைப்பில் போட்டிருந்த இரண்டாவது வால்வைக் காட்டினாள். அது மூடியிருந்தது. அவர் அதைத் திறக்கக் கையை நீட்டினார்.

"இது என்ற பக்கத்துச் சுவருங்க மாமா. ஆனா உங்களுக்கு நான் ஒருநாளும் அடைக்க மாட்டேனுங்க." வால்வை முழுசாகத் திறந்துவிட்டாள். "தண்ணிய அடைச்சு ஆளை அடக்கற புத்தி எனக்கில்லீங்க."

மிச்சமிருந்த சந்தனத்தை இரண்டு வால்வுக்கும் வெளிப்புறத்தில் வைத்துவிட்டு, சாப்பாட்டுப் பையை எடுத்துக்கொண்டு, அவர் வாசலைத் தாண்டியே ஷிப்டுக்குப் போனாள்.