மெடல் தட்டு

கடல் கடந்து கிளேட்டனில் குடியேறியிருந்த கணேசலிங்கம் வீட்டுக்குப் போனவர்கள் யாரும் அவருடைய அப்பப்பாவின் மெடல் கதையைக் கேட்காமல் திரும்பியதில்லை. இளவரசர் கொழும்புக்கு வந்தபோது, இராணுவ அணிவகுப்பில் தம் கையாலேயே அப்பப்பாவின் நெஞ்சில் குத்திய மெடலாம். அது இப்போது எங்கே என்று கேட்டால், கள்ளன் கொண்டுபோய்விட்டான் என்பார்.

"நகையெல்லாத்தையும் விட்டிட்டு மெடலை மட்டும் எடுத்த கள்ளன்," என்று குசினியிலிருந்து மனைவி சந்திரவதனாவின் குரல் வரும். கலியாணமான நாளிலிருந்து வரும் குரல் அது. அதை ஒருநாளாவது அடக்கிவிட்டால் போதும், வாழ்க்கையில் வேறொன்றும் வேண்டாம் என்றிருந்தார் மனிதர்.

எழுபத்தாறாம் ஆண்டு அதற்கு வழி பிறந்தது. பல்கலைக்கழக நூலகத்தில் வேலை பார்த்த மதராஸ்காரர் சேஷாத்ரி, அந்த அணிவகுப்பின் ஊமைப்படச் சுருளைத் தேடிப் பிடித்துவிட்டார். கணேசலிங்கம் தெரிந்த தமிழர் அத்தனை பேரையும் வீட்டுக்கு அழைத்தார். திரைக்குத் தம் கலியாண வேட்டியையே சுவரில் கட்டினார்.

புரொஜெக்டர் கடகடத்தது. பழைய படம், புது மெஷின், வேகம் ஒத்துவரவில்லை. படைவீரர்கள் சுடுமணலில் கால் வைத்தவர்கள் போலத் துள்ளினார்கள். இளவரசரும் துள்ளித் துள்ளியே வரிசையாக மெடல் குத்தினார். அவர் பக்கத்தில் தட்டேந்திக்கொண்டு ஒரு முறுக்கு மீசை. கூடத்துப் படத்தில் தொங்கிய அதே மீசை.

"அண்ணா, தட்டு தூக்கிண்டு போறாரே, அவர்தானே உங்க தாத்தா?" என்றார் சேஷாத்ரி, சூதுவாது இல்லாமல்.

கடைசி மெடலாவது அப்பப்பாவுக்கு மிஞ்சாதா என்று கணேசலிங்கம் தட்டையே பார்த்தார். தட்டு காலியானது. இளவரசர் போய்விட்டார். விருந்தினர்கள் இருமினார்கள். மனைவியின் பக்கம் திரும்பக் கணேசலிங்கத்துக்குத் துணிவில்லை.

சந்திரவதனா அவர் முகத்தைப் பார்த்தார். பிறகு கதிரையை விட்டு எழுந்தார்.

"சேஷாத்ரி, உந்தப் படத்தைப் பின்னுக்கு ஓட்ட ஏலுமோ?"

"ரிவர்ஸ்லயா? பேஷா ஓட்டலாம் அக்கா."

இளவரசர் முதுகு முன்னால் வரத் துள்ளி வந்தார். ஒவ்வொரு வீரனின் நெஞ்சிலிருந்தும் மெடலைக் கழற்றி, அப்பப்பாவின் தட்டில் பக்குவமாக வைத்தார். தட்டு நிறைந்தது. கூடம் சிரித்துக் கைதட்டியது.

"பாத்தியளே? ஒண்டில்லை, எல்லா மெடலும் அவருக்குத்தான்!" என்றார் சந்திரவதனா, எல்லோருக்கும் கேட்க.

கணேசலிங்கத்துக்குக் கண் கலங்கிவிட்டது. திரையில் அப்பப்பா நிறைந்த தட்டோடு, பின்பக்கமாகவே கூடாரத்துக்குள் நழுவி மறைந்தார். சந்திரவதனா கணவரின் காதருகே குனிந்தார்.

"கள்ளன் ஆரெண்டு இப்பதான் எனக்கு விளங்குது."