கரண்ட் போனால் அதே மந்திரி

"அஞ்சு வருஷமா அதே மந்திரி, அதே கட்டம், பேஜாராப் போச்சுப்பா சம்பத்து!" என்று வாஹித் பாஷா கத்துகிறான், "பேஜாருன்னா ஆம்பூர்லயே கெட, வெத்தலபாக்கு வெச்சா கூப்ட்டேன்?" என்று சம்பத்தும் விடவில்லை, நல்ல வேளை கரண்ட் போனது, பக்கத்து வீட்டுச் சம்பத்தின் விசைத்தறி ஓடினால் அங்கே கொலையே நடந்தாலும் கேட்காது... நான் ஒன்றும் ஒட்டுக்கேட்கவில்லை, சுவரோரம் உட்கார்ந்து அரிசி பொறுக்குகிறேன், நாளைக்கு சம்பத்தின் அக்கா வந்து உன் பூரணியைக் கொடுக்கிறாயா இல்லையா என்று கேட்டால் ஒரு பதில் வேண்டாமா? தோல் கம்பெனிக்கு வெள்ளிக்கிழமை லீவு, பாஷா ரயிலேறி செஸ் ஆட வந்துவிடுவான், கையில் புதுப்புது ரஷ்யப் புத்தகம்... சம்பத்தோ ராணிக்கு முன்னால் இருக்கும் சிப்பாய், பிறகு மந்திரி வெளியே, அப்புறம் கதவைச் சாத்துகிற மாதிரி இன்னொரு சிப்பாய், வெள்ளையானாலும் கறுப்பானாலும் இதேதான், அதையும் ஏலம் போடுகிறவன் மாதிரி உரக்கச் சொல்லிச் சொல்லி வைப்பான், "கரண்ட் எப்ப வரும்னு யாருக்குத் தெரியும், புக்கு பார்த்துனு ஒக்கார நேரம் ஏது? எதிர்ல எவன் எத வெச்சாலும் நான் இதான், பல்லு கொட்ற வரைக்கும் இது போதும்."

பல் கொட்டும் வரைக்கும்... இப்படிப்பட்டவனுக்கா பெண்ணைக் கொடுப்பது? தீபாவளிக்கும் அதே நீலக்கட்டம் லுங்கி, என் பெண் சிரித்தாலும் அழுதாலும் இவன் அதே மந்திரியைத்தானே நகர்த்துவான்... ஆனால் புதிது புதிதாகப் படித்த பாஷாதானே வாராவாரம் தோற்கிறான்? என் வீட்டுக்காரர் மாற்றாத தொழிலா, தீப்பெட்டி, சைக்கிள் கடை, ஏலகிரியில் பலாப்பழக் குத்தகை, என்ன மிஞ்சியது... வேண்டாம், அவரை ஏன் இழுக்க வேண்டும், முடியாது என்றே சொல்லிவிடலாமா?

"இன்னாப்பா இது, மந்திரிய உள்ள வுட்டுட்டு அந்தச் சிப்பாய மொதல்ல வெச்சுட்ட?" பாஷாவின் குரல் சட்டென்று இறங்குகிறது, அஞ்சு வருஷத்தில் முதல் பிசகு, எனக்கே கை நின்றுபோகிறது, அதற்குள் என் முதுகுக்குப் பின்னால், நூல் சுற்றிக்கொண்டிருந்த பூரணி, "அய்யய்யோ, கதவு சாத்திக்கிச்சே, மந்திரி உள்ளயே மாட்டிக்கிச்சே" என்கிறாள், இவளுக்கு யார் சொல்லிக் கொடுத்தது? "நாளைக்கு அவங்க இன்னா சொல்வாங்களோன்னு ரோசனையா தோஸ்த்?" என்கிறான் பாஷா. "மெதுவாப் பேசு, அந்தாண்ட அத்தைக்குக் கேக்கும்" என்கிறான் சம்பத். பூரணி தலையைக் குனிந்துகொண்டு சிரிக்கிறாள், தெருவில் எந்த வீட்டில் என்ன குழம்பு என்று சொல்லிவிடுவேன் நான், என் வீட்டில் வேகிறது தெரியவில்லையே... கரண்ட் வந்துவிட்டது.

அந்தத் தையிலேயே கல்யாணம் ஆயிற்று, பாஷாவும் வாணியம்பாடியில் பெண் எடுத்து மெட்ராஸ் பெரியமேட்டுக்குப் போய்விட்டான். இப்போதும் கரண்ட் போனால் சுவருக்கு அப்பால் "திரும்பவும் அதே மந்திரியா?" என்று பூரணி கத்துவது கேட்கிறது, நான் அரிசி பொறுக்குகிறேன்... இந்தப் பக்கம் பூரணிக்குக் கேட்கும் என்று தெரிந்தேவா சம்பத் அஞ்சு வருஷமும் அவ்வளவு உரக்கச் சொல்லிச் சொல்லி ஆடினான்?