சாத்திய கதவு

அழகுசுந்தரம் வாரப் பத்திரிகையில் எழுதிய தொடர்கதை நாற்பது வாரம் ஓடியது. பக்கத்து வீட்டுக்காரன் மனைவிமேல் பித்துப் பிடித்து அலையும் ஒருவனின் கதை. அவளும் அவனை உள்ளூர விரும்பினாள் என்று முடித்திருந்தார். அசிங்கம் என்று பாதி ஊர் திட்டியது. திட்டியவர்களும் வாரம் தவறாமல் படித்தார்கள்.

பித்துப் பிடித்தவர் அவரேதான், கதையில் வந்தவள் பக்கத்து வீட்டுப் புஷ்பவள்ளி என்று காரைக்குடியில் எல்லோருக்கும் தெரியும். வாசலில் நின்ற நந்தியாவட்டையைக்கூட அவர் மாற்றவில்லை. அவள் கணவன் கருத்தையா தேவகோட்டை பஸ்ஸின் டிரைவர். கதை வெளிவந்ததிலிருந்து அவளோடு பேசுவதில்லை. சோறு வைத்தால் தின்றுவிட்டுப் போவான்.

அறுபத்தொன்பதில் கதையைப் படமெடுக்க வந்தார்கள். வசனமும் அழகுசுந்தரமே. படப்பிடிப்பு நடந்த வீட்டுக்குப் புஷ்பவள்ளி நேரே போனாள்.

“நீங்க என் வாசலுக்கு வந்த அன்னைக்கு நான் என்ன செஞ்சேன்?”

“கதவைச் சாத்துனே.”

“என்ன சொல்லிச் சாத்துனேன்?”

அவர் பேனாவை மூடினார். “‘இனி இங்குட்டு வந்தா செருப்பு பிஞ்சிரும்’னு.”

“அதை விட்டுட்டு வேறெதையோ எழுதிட்டீக. படத்திலயாச்சும் போடுங்க. என் புருசன் பார்க்கணும்.”

“அதைப் போட்டா கதையே இல்லை, புஷ்பம்.”

“பேரைச் சொல்லிக் கூப்பிடாதீக. எழுதுங்க.”

அவள் கண் முன்னாலேயே எழுதினார். ஒரு சொல் மாறவில்லை.

படம் வந்ததும் கருத்தையாவிடம் சொன்னாள். “ஒரே ஒரு தடவை வந்து பாருங்க. அப்புறம் என்னை வெட்டிக்கூடப் போடுங்க.” அவன் லீவு போட்டான். மேட்னிக்கு ஆண்கள் பக்கம் அவனும் பெண்கள் பக்கம் அவளுமாக உட்கார்ந்தார்கள்.

அந்தக் காட்சி வந்தது. நடிகை அதே வார்த்தையைச் சொன்னாள். கதவை அறைந்து சாத்தினாள். புஷ்பவள்ளிக்கு மூச்சு வந்தது.

காட்சி முடியவில்லை. கேமரா கதவுக்கு உள்ளே வந்துவிட்டது. நடிகை கதவில் சாய்ந்து, கண்ணை மூடி, உதட்டைக் கடித்துச் சிரித்தாள். புல்லாங்குழல் ஒலித்தது. விசில் பறந்தது.

பக்கத்திலிருந்த பொன்னுத்தாயி அவள் தொடையில் தட்டினாள். “அடி கள்ளி! வாயில செருப்பு, மனசுல பூவா?”

அழகுசுந்தரம் வந்த அன்று, தன் வீட்டுக் கதவுக்கு உள்ளே, அரிவாள்மனையைப் பிடித்தபடி, கணவன் வரும்வரை அவள் நடுங்கிக்கொண்டு நின்றாள். யாரும் கேட்டதில்லை. அவளும் சொன்னதில்லை.

வெளியே கருத்தையா சைக்கிளோடு நின்றிருந்தான். நான்கு வருடம் கழித்துப் பேசினான்.

“நீ செருப்புனு சொன்னது எனக்கு அப்பவே தெரியும். தெருவே கேட்டுச்சு. கதவைச் சாத்திட்டு உள்ள என்ன செஞ்சேன்னுதான் தெரியாம இருந்துச்சு.”

அவள் வாயைத் திறப்பதற்குள் சைக்கிளை மிதித்துப் போய்விட்டான்.