மங்கம்மாளின் சுருக்குப் பை

குளிப்பாட்டுவதற்காக அவிழ்த்த, செத்துப்போன மாமியாரின் சுருக்குப் பையை வடிவு தன் மடியில் செருகப் போனாள். நாத்தனார் ரஞ்சிதம் பார்த்துவிட்டாள். "அந்தப் பைய இங்க குடு. அம்மா கூடவே போவட்டும்."

அந்த மலையூர் வழக்கம் அது. வெற்றிலை போடுகிறவர்களைப் புதைக்கும்போது பையை நிரப்பி இடுப்பில் கட்டித்தான் குழியில் இறக்குவார்கள். மங்கம்மாளோ வெற்றிலை இல்லாமல் எமனோடுகூடப் பேச மாட்டாள்.

வடிவு பையை விடவில்லை. பாக்குக்கு அடியில் அவளுடைய கருத்தடை மாத்திரை அட்டை இருந்தது. நாலாவது பெண்ணுக்கு டோலி கட்டிப் போளூருக்குத் தூக்கிப்போனபோதே, இன்னொரு பிரசவம் தாங்காது என்று டாக்டரம்மா சொல்லிவிட்டாள். புருசன் ரங்கசாமிக்குப் பையன் வேண்டும். நர்ஸம்மா கொடுத்த முதல் அட்டையை அடுப்பில் போட்டான். கேழ்வரகுப் பானை வரை துழாவுகிறவன், பெற்றவளின் இடுப்புப் பையில் மட்டும் கை வைக்க மாட்டான். அது மங்கம்மாளின் யோசனை. தினமும் பொழுது சாய, வெற்றிலை மடித்துக் கொடுப்பதுபோல மாத்திரையைக் கொடுப்பாள். "ரஞ்சிதத்துக்கு மட்டும் தெரியக்கூடாது. அவ வாய் நிக்காது" என்றும் சொல்லியிருந்தாள். நர்ஸம்மா இனி அடுத்த மாதம்தான் மலையேறுவாள்.

குழி வெட்டப் போனவர்கள் திரும்பிவிட்டார்கள். "ஆச்சா, அக்கா?" என்று வாசலிலிருந்து ரங்கசாமி கேட்டான்.

ரஞ்சிதம் பையைப் பிடுங்கித் திறந்தாள். கையில் அட்டை வந்தது. வரும்போதெல்லாம் "தம்பிக்கு ஒரு ஆணப் பெத்துக் குடு" என்பவள் அவள். ஒரு சத்தம் போட்டால் போதும்.

"உன்னுதா? நர்ஸம்மா தர்ற மாத்திரதான இது?"

"அண்ணி, காட்டிக்குடுத்துடாதீங்க. இன்னொண்ணு வந்தா நான் பொழைக்க மாட்டேன்."

"எங்கம்மாவுக்குத் தெரியுமா?"

"அத்ததான் வச்சிருந்து குடுத்தாங்க. ரெண்டு வருசமா."

ரஞ்சிதம் தாயின் முகத்தையே பார்த்தாள். ரஞ்சிதத்துக்குப் பிள்ளைகள் ஆறு. அவளுடைய நாலு மாதக் கைக்குழந்தை மூலையில் தூங்கிக்கொண்டிருந்தது. காலையிலிருந்து மாரடித்து அழுதவள் இப்போது அழவில்லை.

"ரெண்டு வருசமா," என்றாள். "எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லல பாரு."

"இன்னா பண்ற உள்ள?" ரங்கசாமி மறுபடி கேட்டான்.

"இருடா. வெத்தல வைக்கிறோம்."

அட்டையை வடிவின் மடியில் செருகினாள். பையை நிரப்பித் தாயின் இடுப்பில் கட்டினாள். போட்ட முடிச்சை அவிழ்த்து, மறுபடி இறுக்கிக் கட்டினாள்.

மூலையில் குழந்தை விழித்து வீரிட்டது. ரஞ்சிதம் திரும்பவில்லை. வடிவு போய் அதைத் தூக்கிக்கொண்டாள்.