சகலை கடைக்குக் காவல்

1979, ஆடிப் பதினெட்டுக்கு மறுநாள், காலை ஒன்பதேகால் மணிக்கு வேணுகோபாலின் பட்டுக் கடை வாசலில் இரண்டு போலீஸ்காரர்கள் வந்து நின்றார்கள்.

எதிர்க்கடை ஜெகநாதனுடையது. இருவரும் அக்காள் தங்கையைக் கட்டியவர்கள். இருவரும் நெசவாளர் வீடுகளுக்குப் பாவு நூலும் பட்டும் கொடுத்துப் புடவையாக வாங்கி விற்பவர்கள்.

கூலி உயர்வு கேட்டு நெசவாளர் சங்கம் ஒரு மாதமாக வேணுகோபால் கடையை மறித்தது. புடவை கொண்டுவந்தவர்களைத் திருப்பி அனுப்பினார்கள். கண்ணாடியை உடைத்தார்கள். கணக்கப்பிள்ளையின் சட்டையைப் பிடித்தார்கள். வேணுகோபால் மெட்ராஸ் போய் ஐகோர்ட்டில் உத்தரவு வாங்கிவந்தார். கடை திறந்திருக்கும் நேரமெல்லாம் வாசலில் காவல். சங்கத்துக்காரர்கள் தெருமுனைக்கு நகர்ந்து அங்கிருந்து கோஷம் போட்டார்கள்.

ஜெகநாதன் கடைப்பக்கம் யாரும் வரவில்லை. கேட்ட அன்றே அவர் கூலியை உயர்த்திவிட்டார். பயந்துதான்.

போலீஸ் வந்த முதல் நாள் அவருக்குச் சிரிப்பு வந்தது. மூன்றாம் நாள் கல்யாணப் புடவை எடுக்கப் பெங்களூரிலிருந்து ஒரு கார் வந்தது. இறங்கியவர் இரண்டு கடைகளையும் பார்த்தார். போலீஸைப் பார்த்தார்.

"அதுதான் பெரிய கடை போல" என்று மனைவியிடம் சொல்லிவிட்டு வேணுகோபால் கடையில் ஏறினார்.

மத்தியானம் ஜெகநாதனுக்கு மனைவி கிருஷ்ணம்மாள் மோர் ஊற்றினாள்.

"அக்கா வூட்லேர்ந்து தினம் போலீசுக்கு வடை போவுதாம். ஐகோர்ட்ல மாமா பேரைச் சொல்லிக் கூப்பிட்டாங்களாம். பெருமையா சொல்லிகினு இருந்துச்சு."

"கேஸ் போட்டா பேரைச் சொல்லித்தான் கூப்பிடுவாங்க."

"உங்க பேரை எங்க கூப்பிட்டாங்க?"

மறுநாள் ஜெகநாதனே டீ வாங்கிக்கொண்டு எதிரே போனார்.

"எங்க கடையையும் கொஞ்சம் பாத்துக்கங்க."

"உத்தரவுல இந்தக் கடை பேருதாங்க இருக்குது" என்றார் ஒரு போலீஸ்காரர். இருவரும் டீயைக் குடித்தார்கள்.

அங்கிருந்து ஜெகநாதன் நேரே சங்க ஆபீஸுக்குப் போனார். செயலாளர் பன்னீர்செல்வம் நோட்டீஸ் மடித்துக்கொண்டிருந்தார்.

"என் கடைக்கும் நாலு பேரை அனுப்பு."

"எதுக்குங்க?"

"மறிக்கத்தான்."

பன்னீர்செல்வம் நிமிர்ந்து பார்த்தார். "கேட்டதைக் குடுத்தவர் கடை முன்னாடி நின்னுகினு என்னன்னு கத்துறது? வாழ்கன்னா? நீங்க நம்ம ஆளுங்க."

"நான் உங்க ஆள் இல்ல."

"அப்ப கூலியைக் குறைங்க. ஜல்தியா வந்துர்றோம்" என்றார். வேடிக்கைக்குச் சொன்னதுதான். மறுபடி நோட்டீஸ் மடிக்கத் தொடங்கினார்.

ஜெகநாதன் அந்த இரவு தூங்கவில்லை.

காலையில் சேவூரிலிருந்து வேடியப்பன் புடவை கொண்டுவந்தான். பதினெட்டு வருஷமாக அவருக்கு நெய்கிறவன். ஜெகநாதன் புடவையைப் பாயில் விரித்தார். உடல், முந்தானை, கரை. வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். ஒரு இழை விட்டுப்போயிருந்தாலும் கூலியில் பிடிப்பது வழக்கம். எதுவும் விட்டுப்போகவில்லை.

மடித்து வைத்தார். பழைய கூலியை எடுத்துக் கொடுத்தார்.

வேடியப்பன் எண்ணினான். மறுபடி எண்ணினான்.

"குறையுதுங்க."

"இனிமே இவ்ளோதான்."

எதிரே ஒரு போலீஸ்காரர் தொப்பியைக் கழற்றித் தலையைத் துடைத்துக்கொண்டிருந்தார். ஜெகநாதன் அதைப் பார்த்துக்கொண்டே சொன்னார்:

"இஷ்டம் இல்லன்னா சத்தம் போடு. தெருவுல நின்னு கத்து. போய் உங்க சங்கத்துல சொல்லு."

"உங்களையா? சேவூர்ல உங்களைக் காட்டித்தான் மத்த முதலாளிங்ககிட்ட எல்லாரும் பேசிகினு இருக்கோம்."

"கத்துடா."

வேடியப்பன் தோளில் இருந்த துண்டை எடுத்துக் கையைத் துடைத்துக்கொண்டான். பாயில் உட்கார்ந்தான். மடித்த புடவையைத் திரும்ப விரித்து, முகத்தருகே கொண்டுபோய், விரலால் தடவிக்கொண்டே வந்தான். முந்தானையை இரண்டு முறை பார்த்தான்.

"எனக்குக் கண்ணு தெரியலைங்க. எந்த எடத்துல இழை விட்டுச்சின்னு நீங்களே காட்டுங்க முதலாளி."