சுருளின் கடைசிப் பெயர்

ஞாயிறு மாலை ஐந்து மணிக்கு நியூயார்க்கில் தொலைக்காட்சி நாடகத்தை நேரடியாக நடிப்பார்கள். அதே நொடியில் நாடே பார்க்கும். தவறினால் திரும்ப எடுக்க வழியில்லை. நாடகம் இழுத்துக்கொண்டு போனால், காசு போடுகிற சோப்புக் கம்பெனியின் விளம்பரத்தில் ஒரு நொடி குறைக்க எவனுக்கும் துணிச்சல் கிடையாது. முடிவில் ஓடும் பெயர்களில்தான் கத்தி விழும். கறுப்புக் காகிதத்தில் வெள்ளை எழுத்து, கையால் சுற்றுகிற சுருள். இயக்குநர் பெயர் கடைசியில் இருப்பதால் முதலில் பறிபோவதும் அதுதான்.

அந்தப் பெயர் வெர்னா கோசிக். இரண்டு வருடமாக இயக்கிவந்தாள். சுரங்க ஊரான ஸ்க்ராண்டனில் இருந்த அவள் அம்மா மட்டும் நம்பவேயில்லை.

"பொம்பள டைரக்டரா? காப்பி கலக்குறேன்னு சொல்லேன், நான் ஒண்ணும் வெக்கப்பட மாட்டேன்" என்பாள் தொலைபேசியில். பக்கத்து வீட்டுப் பெண்கள் சிரிப்பது பின்னால் கேட்கும்.

இப்போது அம்மாவுக்கு நுரையீரல் கெட்டுவிட்டது. இன்னும் சில வாரம்தான் என்றார் மருத்துவர். அதே வாரம் சோப்புக் கம்பெனி ஆள் வெர்னாவைக் கூப்பிட்டான். "உங்க வேலைல குறையே இல்லம்மா. ஒரு ஆம்பள இருந்தா எங்களுக்கு நிம்மதி, அவ்வளவுதான்." அவள் வேலை இந்த ஞாயிறோடு சரி.

"இந்த ஒரு தடவை பாரும்மா. கடைசியா ஓடுற பேரு என்னோடது" என்று கெஞ்சினாள். பக்கத்து வீட்டு ஹூடாக் அம்மாள் தன் வீட்டுத் தொலைக்காட்சி முன்னால் அம்மாவை உட்காரவைப்பதாகச் சொன்னாள்.

அன்றைய நாடகம் ஒரு சுரங்கத் தொழிலாளியின் மனைவியைப் பற்றியது. புருஷன் சுரங்கத்தில் சாகிறான். அவனுடைய சாப்பாட்டு டப்பா வீடு வருகிறது. திறந்து பார்த்து அவள் கதறுகிறாள் என்று எழுதியிருந்தது. வெர்னா ஒத்திகையில் அதை அடித்துவிட்டாள். அவளுக்கு ஒன்பது வயதில் அப்பாவின் டப்பா அப்படித்தான் வந்தது. அம்மா கதறவில்லை. தொடாத ரொட்டியைப் பார்த்தாள், மூடினாள், மூடியிலிருந்த கரியை இடுப்பில் கட்டியிருந்த துணியால் துடைத்தாள், துடைத்துக்கொண்டே இருந்தாள்.

நடுவில் ஒரு நடிகர் வசனத்தை மறந்து திணறியதில் கால் நிமிடம் போயிற்று. கட்டுப்பாட்டு அறையில் உதவியாளர் மில்ட் கடிகாரத்தைப் பார்த்தபடி இருந்தான்.

திரையில் அந்தப் பெண் டப்பாவைத் துடைக்கத் தொடங்கினாள்.

"வெர்னா, இங்கயே வெட்டிரு. இப்ப வெட்டுனா உன் பேரு வரும்."

அவள் கண் திரையிலேயே இருந்தது.

"கிறுக்கா உனக்கு? உங்கம்மா பாக்குறாங்கன்னு சொன்னியே."

திரையில் கை இன்னும் துடைத்துக்கொண்டிருந்தது. இதை வெட்டினால் அந்த டப்பா வெறும் டப்பா ஆகிவிடும் என்று வெர்னாவுக்குத் தெரியும்.

"விடு. அவ துடைச்சு முடிக்கட்டும்."

துடைத்து முடித்து, டப்பாவை அலமாரியில் வைத்தாள். சுருள் ஓடியது, எழுதியவர் பெயரோடு நின்றது. சோப்பு நுரை பொங்கியது.

ஆறு மணிக்கு ஹூடாக் வீட்டுக்குத் தொலைபேசினாள். அம்மாவின் மூச்சு முதலில் வந்தது, பேச்சு பிறகு.

"பேரு வரலடி."

"நேரம் ஆயிருச்சும்மா."

"பரவால்ல. நீ பொய் சொன்னேன்னு நான் யார்கிட்டயும் சொல்லல." இருமல் ஓய்ந்தபின் அம்மா குரலைத் தாழ்த்தினாள். "அந்த டப்பா... நம்ம வீட்டுக் கதைய அந்த டைரக்டர்கிட்ட நீ சொன்னியா?"

"ஆமாம்மா."

"அந்த மனுஷன் அவசரப்படல, பாரு. அவ துடைச்சு முடிக்கிறவரைக்கும் காத்திருந்தாரு. அன்னைக்கு எனக்காக யாரும் காத்திருக்கல. நான் ரொம்ப நன்றி சொன்னேன்னு அவர்கிட்டச் சொல்லு."



"சொல்றேன்மா" என்றாள்.