ஏற்றத்தில் ஒரு பதில்

எங்கள் தெரு ஏணியைச் சாய்த்து வைத்த மாதிரி இருக்கும். சமவெளியிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்த எதிர்வீட்டு மருமகளுக்குப் பாதி ஏறுவதற்குள் மூச்சு வாங்கும். உச்சியிலுள்ள தையல் கடைக்கு அவளோடு சேர்ந்து வேலைக்குப் போகும் நாத்தனார் வாயைத் திறப்பதும் சரியாக அந்த இடத்தில்தான்.

"உங்க வீட்ல நடக்கக்கூட சொல்லித் தரலையா அண்ணி?"

அண்ணியிடம் பதில் இருந்தது, மூச்சுதான் இல்லை. மேலே போய் நிதானமாகச் சொன்னால் அது சண்டையாகுமா?

அப்புறம் தினமும் விடியற்காலையில் அவள் தனியாக ஏறி இறங்குவதைப் பார்த்தேன். ஜன்னல் வேறு எதற்கு இருக்கிறது? முதலில் தாவித் தாவி ஏறித் திணறினாள். பிறகு அடியைச் சின்னதாக்கி, உடம்பை முன்னால் சாய்த்து, ஒரே சீராக ஏறப் பழகினாள். கடைசியில் தனக்குத்தானே பேசிக்கொண்டும் ஏறினாள். பாவம், புத்தி பிசகிவிட்டது என்று நாலு வீட்டில் சொல்லி வைத்தேன்.

நேற்று பாதி ஏற்றத்தில் நாத்தனார் ஆரம்பித்தாள். "என்ன அண்ணி, தூக்கிட்டுப் போகவா?"

"வேணாம்மா. உன் வாயைத் தூக்கிட்டு நடக்கிறதே உனக்குப் பெரிய சுமை, இதுல என்னை வேற எங்க தூக்குவ?"

ஒரே மூச்சு, நடையும் குறையவில்லை. இந்தத் தெருவிலேயே பிறந்த நாத்தனார்தான் நடுவழியில் நின்றுவிட்டாள். அண்ணி திரும்பிப் பார்க்காமல், இன்னும் பேசிக்கொண்டே ஏறிப் போனாள்.